முதல் உலகப் போர் இழப்பீடான 13,200 கோடி தங்க மார்க்கை ஜெர்மனியால் ஏன் கட்ட முடியவில்லை?

முதலில் ஒன்று: இந்தத் தொகை 1919 வெர்சாய் ஒப்பந்தத்தில் இல்லவே இல்லை. சேதத்துக்கான பொறுப்பை 231ஆம் பிரிவு ஜெர்மனி தலையில் கட்டியது, அவ்வளவுதான். எவ்வளவு என்பதை இழப்பீட்டு ஆணையத்திடம் விட்டுவிட்டார்கள். 1921 மே மாத லண்டன் தவணைத் திட்டத்தில்தான் கணக்கு வந்தது.

அந்தக் கணக்கிலேயே ஒரு சூட்சுமம் உண்டு. கடனை ஏ, பி, சி என மூன்று வகைப் பத்திரங்களாகப் பிரித்தார்கள்: ஏ 1,200 கோடி, பி 3,800 கோடி, சி 8,200 கோடி. சி-க்கு வட்டி கிடையாது. ஜெர்மனிக்கு வசதி வந்துவிட்டது என்று ஆணையம் கருதினால்தான் அது நடப்புக்கு வரும். எல்லாவற்றையும் ஜெர்மனியிடமே வசூலிப்போம் என்று ஊரில் பேசிவிட்ட பாரிஸ், லண்டன் அரசியல்வாதிகளின் மானம் காக்கச் சேர்த்த தொகை என்றே சொல்வேன். ஆக, நிஜக் கடன் 5,000 கோடி. ஆண்டுக்கு 200 கோடி, கூடவே ஏற்றுமதி மதிப்பில் 26 சதவீதம்.

இதுவே இடித்தது. தங்க மார்க் என்றால் 2,790 மார்க்குக்கு ஒரு கிலோ சொக்கத் தங்கம். அச்சடித்த நோட்டு செல்லாது. உள்நாட்டில் வரி போட்டு மார்க்கைத் திரட்டினாலும், அதை டாலராகவோ பவுண்டாகவோ மாற்றியாக வேண்டும். அதற்கு இறக்குமதியைவிட ஏற்றுமதி அதிகமாக இருக்க வேண்டும். ஜெர்மனியில் வரியும் சரியாக வசூலாகவில்லை, ஏற்றுமதி உபரியும் இல்லை. 1921 ஆகஸ்டுக்குள் கட்ட வேண்டிய முதல் 100 கோடிக்குக் காகித மார்க்கைச் சந்தையில் கொட்டித்தான் அந்நியச் செலாவணி வாங்கினார்கள். மார்க் சரிந்தது. அடுத்த தவணைக்கு இன்னும் அதிக மார்க் தேவைப்பட்டது.

பணத்துக்குப் பதில் பொருளாகக் கொடுப்பதிலும் சிக்கல். 1922 டிசம்பரில் மரமும் தந்திக் கம்பங்களும் குறைந்தன, அடுத்த மாதம் நிலக்கரி. பிரிட்டன் எதிர்த்தும், 1923 ஜனவரி 11 அன்று பிரெஞ்சு, பெல்ஜியப் படைகள் ஜெர்மனியின் நிலக்கரி, தொழில் மையமான ரூர் பகுதிக்குள் நுழைந்தன. அதை எதிர்த்து வேலையை நிறுத்திய தொழிலாளர்களுக்கு ஜெர்மன் அரசு நோட்டடித்துக் கூலி கொடுத்தது. போருக்கு முன் 4.2 மார்க்காக இருந்த டாலர், நவம்பரில் 4.2 லட்சம் கோடி மார்க்.

இழப்பீடு கட்டும் முறையை மாற்றிய 1924 டாஸ் திட்டம்தான் கோளாறைச் சரியாகப் பிடித்தது. ஜெர்மனி மார்க்கில் கட்டினால் போதும். நாணயம் சரியாதபடி பார்த்து அதை வெளியே அனுப்புவது அமெரிக்கரான பார்க்கர் கில்பர்ட்டின் பொறுப்பு. ஆனால் அந்தச் செலாவணியும் பெரும்பாலும் அமெரிக்கக் கடனிலிருந்தே வந்தது. 1929க்குப் பிறகு கடன் வற்றியது. 1931இல் அமெரிக்க அதிபர் ஹூவர் ஓராண்டு தவணை நிறுத்தம் அறிவித்தார், 1932 லொசான் மாநாட்டோடு இழப்பீடே நின்றுபோனது. இழப்பீட்டுக்காக வாங்கிய வெளிநாட்டுக் கடன் பத்திரங்களின் பாக்கி வட்டி மட்டும் 2010 அக்டோபர் 3 வரை நீடித்தது.