நடையைப் பார்த்து ஆளை எடை போடலாமா? கேள்வி பதில்

இருபது வருடத்துக்கு மேலாகப் பிசியோதெரபி பார்க்கிறேன். வாசலிலிருந்து நாற்காலிக்கு நோயாளி வருவதற்குள் பாதி விஷயம் பிடிபட்டுவிடும். நடை, குணம் பற்றி வந்த கேள்விகளுக்கு என் பதில்கள் இவை.

நண்பனைத் தூரத்திலேயே நடையை வைத்துக் கண்டுபிடித்துவிடுவேன். குணத்தையும் கண்டுபிடிக்கலாமா? (கல்லூரி மாணவர், திருச்சி)

ஆளைக் கண்டுபிடிக்கலாம். 1973இல் ஸ்வீடன் உளவியலாளர் குன்னர் யோஹான்சன் மூட்டுகளில் மட்டும் வெளிச்சப் புள்ளிகள் தெரியும்படி ஆட்களை இருட்டில் நடக்கவிட்டார். அந்தச் சில புள்ளிகளை வைத்தே ‘மனிதன் நடக்கிறான்’ என்று பார்த்தவர்கள் சொல்லிவிட்டார்கள். குணம் வேறு கதை. 2012இல் வெளிவந்த ஓர் ஆய்வில், நடையைப் பார்த்துக் குணம் சொன்னவர்கள் பெரும்பாலும் ஒரே மாதிரி சொன்னார்கள். நடந்தவர்கள் தங்களைப் பற்றிச் சொன்னதோடு அது ஒத்துப்போகவில்லை. ஊரே சேர்ந்து தப்பாகச் சொல்லலாம் என்று அர்த்தம்.

மருமகள் தரை அதிர நடக்கிறாள். திமிர்தானே? (திருப்பூர்)

குதிகாலை ஓங்கி ஊன்றும் பழக்கம், அம்மா. மாடி வீடாக இருந்தால் இன்னும் கேட்கும். வீட்டுக்குள் போட மெத்தென்ற செருப்பு ஒன்று வாங்கிக் கொடுங்கள்.

அப்பாவுக்கு 67 வயது. இப்போதெல்லாம் ஒரு கையை வீசாமல், சின்னச் சின்ன அடியாக நடக்கிறார். ‘மனசு விட்டுட்டார்’ என்கிறார் அம்மா. (மதுரை)

இதைத் தள்ளிப்போடாதீர்கள். தோள்பட்டை இறுகியிருந்தாலும் கை ஆடாது. ஆனால் பார்க்கின்சன் என்ற நரம்பு நோயும் பெரும்பாலும் இப்படித்தான் ஒரு பக்கமாகத் தொடங்கும். திரும்பும்போது எத்தனை அடி வைக்கிறார், வாசற்படி வந்ததும் கால் ஒட்டிக்கொண்டதுபோல் நிற்கிறாரா என்று பாருங்கள். சீக்கிரமே நரம்பியல் மருத்துவரிடம் காட்டிவிடுங்கள்.

என்னிடம் வந்த ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவரைப் பற்றித் தெருவில் ‘பென்ஷன் வந்ததும் தலைக்கனம்’ என்றார்களாம். முகத்தில் சிரிப்பில்லை, கைவீச்சில்லை. எனக்குக் கண்ணில் பட்டது அவருடைய வலது செருப்பு: நுனி மட்டும் வழவழவென்று தேய்ந்திருந்தது. காலைத் தூக்காமல் இழுத்திருக்கிறார், பாவம்.

செருப்பின் குதிகால் வெளி ஓரத்தில் தேய்கிறது. பிடிவாதக்காரன் என்கிறார்கள். (சேலம்)

பெரும்பாலானவர்களுக்கு அந்த ஓரம்தான் முதலில் தரையில் படும். நாட்டில் பாதிப் பேர் பிடிவாதக்காரர்களா?

‘ஏறுபோல் பீடு நடை’ என்று வள்ளுவரே சொல்கிறாரே? (தஞ்சாவூர்)

அந்தக் குறளில் வருவது, புகழைக் காக்கும் மனைவி இல்லாதவனுக்கு இகழ்பவர்கள் முன்னால் காளை போன்ற அந்தப் பெருமித நடை இல்லாமல் போவது. பழியை மனைவி தலையில் வைத்ததில் எனக்கு உடன்பாடில்லை. ஆனால் கவனிப்பு சரி: ஊர்ப் பேச்சு காதில் விழுந்தால் நடை சுருங்கும். மனச்சோர்வில் இருப்பவர்கள் மெதுவாக, குனிந்து, கைவீச்சு குறைந்து நடப்பதை அளந்தே காட்டியிருக்கிறார்கள்.

நாளை இன்டர்வியூ. எப்படி நடந்தால் தைரியசாலி மாதிரி தெரியும்? (கோவை)

பழைய ஷூவைப் போட்டுக்கொண்டு போங்கள். புதுசு கடித்து நீங்கள் நொண்டினால், பயந்த ஆள் என்று எழுதிவிடுவார்கள்.