சாவியைப் பார்த்தால் தெரியவில்லை, சத்தம் கேட்டால் தெரிகிறது

கேள்வி: அப்பாவுக்கு 67 வயது. இதயத் துடிப்பு சீராக இல்லாததால் ரத்தக் கட்டி போய் மூளையின் பின்பக்கம் இரண்டு புறமும் அடைத்துவிட்டது என்றார்கள். மூன்று மாதம் ஆகிறது. கை கால் நன்றாக இருக்கிறது. ஆனால் சீப்பைக் காட்டினால் ‘ஏதோ வரிசையா முள்ளு மாதிரி இருக்கு’ என்கிறார். சாவிக்கொத்தைக் குலுக்கினால் உடனே ‘சாவி’ என்கிறார். தன் பெயரை எழுதுகிறார், எழுதியதைப் படிக்கத் தெரியவில்லை. கண் டாக்டர் கண்ணில் குறையில்லை என்கிறார். புதுக் கண்ணாடியும் வாங்கியாயிற்று. அண்ணன், ‘அப்பா நடிக்கிறார்’ என்கிறான். எனக்கு, புத்தி பேதலித்துக்கொண்டு வருகிறதோ, கடைசியில் எங்களையே மறந்துவிடுவாரோ என்று பயம். ஈறில் ரத்தம் கசிந்ததாலும் ஒரு வீடியோ பார்த்ததாலும் ரத்தம் உறையாமல் தடுக்கும் மாத்திரையை நிறுத்திவிட்டு, ஞாபகசக்தி கேப்ஸ்யூல் கொடுக்கிறோம். பகலில் தூங்குகிறார். தலைக்கு டை அடித்ததால் வந்திருக்குமா? எங்களுக்கும் வருமா? முந்தாநாள் டிவி பார்க்கும்போது இடது பாதி இருட்டிக்கொண்டு கால் மணி நேரத்தில் சரியாகிவிட்டது. பித்தமாக இருக்கும்.

பதில்: பித்தம் இல்லை. மெயில் பார்த்தவுடனே உங்களுக்குத் தனியாகப் பதில் போட்டுவிட்டேன். இதே மாதிரி விட்டுவிடக்கூடிய மற்ற வீடுகளுக்காக இங்கேயும் அதையே முதலில் சொல்கிறேன்.

பார்வையில் ஒரு பாதி திடீரென்று இருட்டி, தானாகத் திரும்பி வந்தால், மூளைக்குப் போகும் ரத்தம் கொஞ்ச நேரம் தடைபட்டது என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும். சரியாகிவிட்டதே என்று விடக்கூடாது, உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். இதைத் தொடர்ந்து முழு பக்கவாதம் வரும் ஆபத்து முதல் 48 மணி நேரத்தில்தான் மிக அதிகம். நம்மிடம் ஒரு சிக்கல் என்னவென்றால், பக்கவாதம் என்றாலே வாய் கோணுவது, ஒரு பக்கம் கை கால் விழுவது என்று மட்டும் மனதில் பதிந்துவிட்டது. மூளையின் பின்பக்கம் அடைத்தால் கை கால் தெம்பாகவே இருக்கலாம். பாதிப் பார்வை போகும், ஒன்று இரண்டாகத் தெரியும், நிற்க முடியாமல் தள்ளாடும். சில சமயம் அவ்வளவுதான் அடையாளம். திடீரென்று இதில் எது வந்தாலும், எத்தனை மணிக்கு வந்தது என்று பார்த்துவிட்டு 108ஐக் கூப்பிடுங்கள். அடைப்பைக் கரைக்கும் ஊசியைப் பொதுவாக நாலரை மணி நேரத்துக்குள் போட வேண்டும். சுக்குக் காபி போட்டுக் கொடுத்து, தெளிகிறதா பார்க்கலாம் என்று உட்கார்ந்தால் அந்த நேரம் கரைந்துவிடும்.

அடுத்து அந்த மாத்திரை. முதல் தடவை கட்டியை அனுப்பியது இதயம். இரண்டாவது கட்டி வராமல் இருக்கத்தான் மாத்திரை. அதை ஒரு வீடியோவை நம்பி நிறுத்தியிருக்கிறீர்கள். வீடியோ போட்டவருக்கு உங்கள் அப்பாவின் ஈசிஜி தெரியுமா? ஈறில் லேசாகக் கசிந்தால் டாக்டரிடம் சொல்லி அளவைப் பார்க்கச் சொல்ல வேண்டுமே தவிர, டப்பாவைத் தூக்கிப் பரணில் போடக்கூடாது. இப்போது பயந்துபோய் நீங்களாகவே மறுபடி ஆரம்பிக்கவும் வேண்டாம். ஸ்கேன் பார்த்துவிட்டு ஆஸ்பத்திரி டாக்டர்கள் சொல்லட்டும். ஞாபகசக்தி கேப்ஸ்யூல்களையும் கையோடு எடுத்துப் போய்க் காட்டுங்கள். இவற்றில் பலவற்றில் ஜின்கோ இருக்கும். ரத்தம் உறையாமல் தடுக்கும் மாத்திரையோடு அது சேர்ந்தால் ரத்தக் கசிவு கூடலாம். அதைவிட, அப்பாவுக்குப் போயிருப்பது ஞாபகசக்தியே இல்லை.

உங்கள் நிஜமான பயம் அதுதானே? அதற்கு வருகிறேன். சாவியை நீங்களே சோதித்துவிட்டீர்கள். பார்த்தால் தெரியவில்லை, சத்தம் கேட்டால் தெரிகிறது. கண்ணை மூடச் சொல்லி சீப்பைக் கையில் கொடுத்துப் பாருங்கள், பெரும்பாலும் தடவியே சொல்லிவிடுவார். சாவி என்றால் என்ன, எதற்கு என்பதெல்லாம் அவருக்குள் பத்திரமாக இருக்கிறது; கண் வழியாக அங்கே போகிற பாதைதான் அறுந்திருக்கிறது. மறதி நோயில் எந்த வழியாகப் போனாலும் உள்ளே அந்தப் பொருளே மங்கிக்கொண்டிருக்கும். அதோடு அது மெல்ல மெல்ல வரும், இது ஒரே நாளில் வந்தது. இரண்டும் வேறு.

கண் வெறும் ஜன்னல். பார்ப்பது பின்மண்டையில் இருக்கும் மூளை. அங்கிருந்து செய்தி இரண்டு தடத்தில் போகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். கீழ்த்தடம் ‘இது என்ன’ என்று சொல்லும். மேல்தடம் ‘எங்கே இருக்கிறது, கையை எப்படிக் கொண்டுபோவது’ என்று சொல்லும். கீழ்த்தடம் போய் மேல்தடம் பிழைத்தவர்கள், டம்ளர் என்று சொல்லத் தெரியாமலே அதைச் சரியாகப் பிடித்துத் தூக்குவார்கள். 1988இல் குளியலறை வாட்டர் ஹீட்டரிலிருந்து வந்த கார்பன் மோனாக்சைடு தாக்கிய ஒரு பெண்ணை மருத்துவ உலகம் டி.எஃப். என்ற எழுத்துகளால் அறியும். ஒரு துளை நெட்டையாக இருக்கிறதா, படுக்கையாக இருக்கிறதா என்று கேட்டால் அவருக்குச் சொல்லத் தெரியாது. ஆனால் கையில் அட்டையைக் கொடுத்துத் துளைக்குள் போடச் சொன்னால் சரியாகத் திருப்பிப் போட்டுவிடுவார். (குளியலறையில் கேஸ் கீசர் வைத்திருப்பவர்கள், காற்றுப் போக வழி இருக்கிறதா என்று இன்றைக்கே பார்த்துவிடுங்கள்.)

கண் தெரிந்தும் பார்ப்பது என்னவென்று தெரியாத இந்தக் கோளாறை 1890இலேயே லிஸ்ஸாவர் என்ற ஜெர்மன் மருத்துவர் இரண்டாகப் பிரித்துக் காட்டினார். சிலருக்கு உருவமே சேராது. பார்த்து வரையச் சொன்னால் வராது. சிலர் அச்சு அசலாக வரைந்துவிட்டு ‘இது என்ன?’ என்று நம்மையே கேட்பார்கள். அடுத்த வருஷம் இந்தக் கோளாறுக்கு ‘அக்னோசியா’ என்று பெயர் வைத்தவர் ஃபிராய்ட். மனோதத்துவத்துக்குப் போகுமுன் அவர் நரம்பு மருத்துவர். எழுதத் தெரியும், எழுதியதைப் படிக்கத் தெரியாது என்பதையும் 1892இல் பாரிஸில் தெஜரின் என்ற நரம்பு மருத்துவர் விவரித்திருக்கிறார். உங்கள் அண்ணனுக்கு இதைப் படித்துக் காட்டுங்கள். இப்படி நடிக்க வேண்டுமென்றால் அப்பா முதலில் நரம்பியல் படித்திருக்க வேண்டும்.

உங்களை மறந்துவிடுவாரா? முகம் பார்த்து அடையாளம் சொல்லத் தடுமாறலாம். குரல் கேட்டால் தெரிந்துவிடும். அதனால் வீட்டுக்கு வருகிற சொந்தக்காரர்கள் எதிரில் நின்று ‘என்னைத் தெரியுதா? யாரு சொல்லுங்க பாப்போம்’ என்று பரீட்சை வைப்பதை நிறுத்துங்கள். ‘மாமா, நான் உங்க அக்கா பையன் வந்திருக்கேன்’ என்று சொல்லிக்கொண்டே உள்ளே வரட்டும்.

டை காரணமில்லை. இந்த அடைப்புக்குப் பிறகு பகல் தூக்கம் சகஜம். உங்களுக்கு வருமா என்றால், இப்படி அடைப்பால் வரும் அக்னோசியா பரம்பரையாக வருவதில்லை. பிரஷரையும் சர்க்கரையையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

எவ்வளவு தேறும் என்று கேட்டால், முதல் சில மாதங்களில்தான் முன்னேற்றம் அதிகம். முழுதாகத் திரும்பும் என்று நான் வாக்குக் கொடுக்க மாட்டேன். ஆனால் பழக்கத்தால் நிறைய சமாளிக்கலாம், அன்றாட வேலைகளைச் செய்யப் பழக்கித் தரும் ஆக்குபேஷனல் தெரபிஸ்ட் இதில் உதவுவார். பொருளுக்கு ஒரே இடம், இடம் மாற்றாதீர்கள். அவருடைய டம்ளருக்கு ஒரு ரப்பர் பேண்ட், பல்பொடி டப்பாவுக்குத் துணிச் சுற்று என்று கைக்குத் தெரிகிற அடையாளம் வையுங்கள். பினாயில், மண்ணெண்ணெய், பூச்சிமருந்து பாட்டில்கள் தண்ணீர் பாட்டில் இருக்கும் பக்கமே வரக்கூடாது, பூட்டி வையுங்கள். மாத்திரையை அவர் பார்த்து எடுக்க வேண்டாம். யாராவது ஒருவர் எண்ணிக் கையில் கொடுங்கள். ஸ்கூட்டர் சாவியை எடுத்து வைத்துவிடுங்கள். ‘தெருமுனை வரைக்கும்தானே’ என்று கேட்டாலும் கொடுக்காதீர்கள்.

புதுக் கண்ணாடியைக் கடைக்காரர் திருப்பி வாங்கிக்கொண்டால் கொடுத்துவிடலாம்.