'படம் நின்னுபோச்சா?'

அன்புள்ள ஐயா,

எனக்கு ஊர் காரைக்குடி. தாத்தா ஸ்பெஷல் நாடகத்தில் ஆர்மோனியம் வாசித்தவர். அப்பா ஆத்தங்குடியில் தரையில் பதிக்கும் பூக்கல் போடுகிறார். பர்மாவுக்குக் கொண்டுவிக்க, அதாவது வியாபாரத்துக்குப் போன கணவருக்காகக் காத்திருந்த ஓர் ஆச்சியைப் பற்றி 20 நிமிடப் படம் எடுத்தேன். வீட்டில் போட்டுக் காட்டியபோது ஒரு காட்சியில் சித்தப்பா, "படம் நின்னுபோச்சா?" என்றார். எல்லோரும் சிரித்துவிட்டார்கள். நீங்கள் அடிக்கடி சொல்லும் இந்திப் பட இயக்குநர் மணி கவுலும் கலைக்குடும்பம்தானே? அது அவருக்கு உதவியதா? பிரதி அனுப்பியிருக்கிறேன்.

கே., காரைக்குடி

அன்புள்ள கே.,

சித்தப்பாவைக் கோபிக்காதீர்கள். மணி கவுலின் 'துவிதா'வில் (1973) படம் நிஜமாகவே நிற்கும். பிம்பம் அப்படியே உறைந்துவிடும், கதைசொல்லும் குரல் மட்டும் போய்க்கொண்டிருக்கும். சத்யஜித் ராயே அந்தப் படத்தைக் கடுமையாக விமர்சித்தார். சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதும் அதற்குக் கிடைத்தது.

கதையைக் கேளுங்கள். வியாபாரி வீட்டுப் பையன் கல்யாணம் முடிந்த கையோடு ஐந்து வருடம் வெளியூர் வியாபாரத்துக்குப் போய்விடுகிறான். அவன் உருவத்தில் ஒரு பேய் வந்து அந்தப் பெண்ணோடு குடும்பம் நடத்துகிறது. விஜய்தான் தேத்தா எழுதிய ராஜஸ்தான் கதை. செட்டிநாட்டு ஆச்சிகளிடம் சொன்னால் பேயை மட்டும்தான் புதிது என்பார்கள்.

உங்கள் கேள்விக்கு வருகிறேன். இந்தி சினிமாவில் பெயர்பெற்ற மகேஷ் கவுலுக்கு மணி கவுல் மகன் முறை. 1968இல் மகேஷ் எடுத்தது ராஜ் கபூர் படம், 'சப்னோன் கா சௌதாகர்'. நம்ம ஹேமமாலினி இந்திக்குப் போனது அதில்தான். மறு வருடம் மணி எடுத்தது 'உஸ்கி ரோட்டி'. பஸ் ஓட்டும் புருஷனுக்குச் சாப்பாடு எடுத்துக்கொண்டு ஒரு பெண் சாலையோரம் காத்து நிற்கிறாள், அவ்வளவுதான். அதுவும் காத்திருப்புதான், பார்த்தீர்களா? குடும்பம் அவருக்குச் சினிமாவைப் பக்கத்தில் காட்டியிருக்கும். அவசரப்படாமல் இருக்க அவர் கற்றது வேறு வீட்டில். ஜியா மொஹியுத்தீன் டாகரிடம் துருபத் என்ற இந்துஸ்தானி இசை படித்தார். அங்கே ஒரு ஸ்வரத்தை விட்டு அடுத்ததற்குப் போக யாருக்கும் அவசரம் கிடையாது.

உங்களுக்கு அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை. ஒருமுறை ஆத்தங்குடியில் அரை நாள் உட்கார்ந்து கல் போடுவதைப் பார்த்தேன். கண்ணாடி மேல் அச்சு வைத்து, கரண்டியால் நிறத்தை ஊற்றி, அச்சைத் தூக்கி, மேலே சிமெண்டும் மணலும். பூவின் முகம் கீழே கண்ணாடியோடு இருக்கிறது, போடுகிறவர் பார்ப்பது முதுகைத்தான். காய்ந்து, தண்ணீரில் ஊறி, கண்ணாடி கழன்ற பிறகுதான் முகம். சூளையும் கிடையாது, பாலீஷும் கிடையாது. உங்கள் படத்தில் வளவில், அந்த வீட்டு உள்முற்றத்தில், வெயில் நகரும் காட்சியை இந்தப் பொறுமையோடுதான் எடுத்திருக்கிறீர்கள். மாளிகையை அழகு காட்ட எடுக்கவில்லை. அதற்குத்தான் வெளியூர்ப் படக்காரர்கள் வாடகை கொடுத்து வருகிறார்களே.

ஒரே குறை. ஆச்சி வராத கடிதத்துக்காக முகப்பில் உட்கார்ந்திருக்கும்போது பின்னால் வயலின் அழுகிறது. சித்தப்பா கேட்டது அந்த இடத்தில்தான் என்று நினைக்கிறேன். நீங்களே உங்கள் காட்சியை நம்பவில்லை, அவர் எப்படி நம்புவார்? வயலினை எடுத்துவிடுங்கள். தாத்தாவின் ஆர்மோனியப் பெட்டி வீட்டில் இருந்தால், கட்டை எதையும் அழுத்தாமல் துருத்தியை மட்டும் மெல்ல இழுத்துப் பதிவு செய்து பாருங்கள். காற்றுச் சத்தம் போதும். அப்புறம் அதே சித்தப்பாவைக் கூப்பிட்டு மறுபடி போட்டுக் காட்டுங்கள்.