பெயர் வந்த வழி: வாசகர் கேள்வி-பதில்

கேள்வி: என் பாட்டனார் பெயர் சவரிமுத்து. 'முத்து' விளங்குகிறது. 'சவரி' தமிழ்ச் சொல்தானா? (தூத்துக்குடி வாசகர்)

பதில்: தமிழ்ச் சொல் அன்று. 1542ஆம் ஆண்டு முத்துக்குளித்துறைக்கு வந்த புனித பிரான்சிஸ் சவேரியாரின் பெயரே மக்கள் நாவில் 'சவரி' என்று குறுகியது. ஸ்பெயினின் வடக்கே நவார் நாட்டில், சவேரியார் என்று நாம் சொல்லும் அதே பெயர் கொண்ட ஊரின் கோட்டையில் 1506இல் பிறந்தவர் அவர். அவ்வூர்ப் பெயர் பாஸ்க் மொழியின் 'எச்செ', 'பெர்ரி' என்ற இரு சொற்களிலிருந்து பிறந்தது. முன்னது வீடு, பின்னது புதியது. ஆகவே உங்கள் பாட்டனார் பெயரின் முற்பாதிக்குப் 'புதுவீடு' என்றே பொருள். ஊர்ப்பெயராக இருந்தது குடும்பப் பெயராகி, பிரான்சிஸ் என்ற பெயரில் வேறு புனிதர்களும் இருந்தமையால் இவரைத் தனித்துக் காட்டுவதற்காக ஞானஸ்நானப் பெயராகவும் வளர்ந்துவிட்டது. இன்றைய ஸ்பானியர் இதை 'ஹாவியேர்' என்கிறார்கள். ஆங்கிலேயரிடம் முதலெழுத்து 'ஸ' ஆகிவிட்டது. போர்த்துக்கீசியர் வாயிலாக 'ஷ' ஒலியோடு கேட்ட நம் கரையோர மக்களோ அதைச் சகரத்தில் பிடித்துக்கொண்டார்கள். மூன்றில் பழைய ஒலிக்கு நெருக்கமாக நிற்பது சவரிமுத்துதான் என்பது என் எண்ணம்.

உங்கள் பகுதியில் வழங்கும் 'சந்தியாகு'வும் போர்த்துக்கீசியர் வழியாக வந்ததே. 'சாந்த்' என்றால் புனிதர். 'இயாகு' என்பது யாக்கோபு. பெயருக்குள்ளேயே புனிதர் இருப்பதை மறந்து 'புனித சந்தியாகப்பர் ஆலயம்' என்று பலகை எழுதுகிறோம். அதனால் அவருக்கு ஒரு பட்டம் கூடுதலாகக் கிடைக்கிறதே தவிர, குறைவொன்றும் இல்லை.

கேள்வி: எங்கள் ஊர்க் கத்தோலிக்கக் குடும்பங்களில் சூசை போன்ற வேற்றுமொழிப் பெயர்களும், அருளப்பன், சின்னப்பன் போன்ற தமிழ்ப் பெயர்களும் கலந்திருப்பது ஏன்? (திண்டுக்கல் வாசகர்)

பதில்: ஒரே பெயர் மற்றொரு மொழிக்குள் ஒலியாகவும் வரலாம், பொருளாகவும் வரலாம். நம்மிடம் இரு வழியிலும் வந்து, இரண்டும் நிலைத்துவிட்டன. எபிரேயத்தின் யோசேப்பு போர்த்துக்கீசியரிடம் 'ஜுசே' ஆகி, நம்மிடம் 'சூசை' ஆனது. இசுலாமியரின் யூசுபும் இதே பெயர்தான். இது ஒலி வழி. 'சின்னப்பர்' பொருள் வழி வந்தவர்: இலத்தீனில் 'பவுலுஸ்' என்றால் சிறியவர், அதை அப்படியே தமிழாக்கிப் பவுலடியாரைச் சின்னப்பர் என்றார்கள். ஆனால் சின்னப்பன் என்ற பெயருடைய எல்லாரையும் இந்தக் கணக்கில் சேர்த்துவிடக் கூடாது. முருக பக்தரான சாண்டோ சின்னப்பா தேவரின் பெயருக்கும் பவுலடியாருக்கும் எந்தத் தொடர்பும் இல்லை.

யோவான் என்ற பெயர்தான் இந்த வகையில் மிகவும் சுவையானது. 'யாவே அருள் செய்தார்' என்ற பொருளுடைய எபிரேயப் பெயர் அது. ஆங்கிலத்தின் ஜான், ரஷ்யரின் இவான், ஸ்பானியரின் ஹுவான், அயர்லாந்தின் ஷான் ஆகிய எல்லாம் அதன் ஒலித்திரிபுகள். தமிழ் மட்டும் உள்ளிருக்கும் அருளை எடுத்துக்கொண்டு 'அருளப்பர்' என்றது. ஓரியூரில் 1693இல் கொல்லப்பட்ட போர்த்துக்கீசியத் துறவி ஜான் தெ பிரிட்டோ தமிழில் அருளானந்தர் ஆனதும் இதனால்தான். வீரமாமுனிவர் இதை இன்னும் ஒரு படி மேலே கொண்டுசென்றார். தேம்பாவணியில் திருமுழுக்கு யோவானுக்கு அவர் இட்ட பெயர் கருணையன்; காப்பியத் தலைவராகிய சூசையப்பருக்கு இட்ட பெயர் வளன். யோசேப்பு என்பதற்கு 'அவர் மேலும் பெருக்குவார்' என்பது பொருளாதலால், வளத்தைக் குறிக்கும் வளன் மிகவும் பொருந்துகிறது. முனிவருடைய இயற்பெயர் கான்ஸ்டன்சோ ஜுசெப்பே பெஸ்கி. உறுதியைக் குறிக்கும் முதற்பெயரைத் தைரியநாதர் என்று அவர் தமிழாக்கிக்கொண்டார். இரண்டாம் பெயராகிய ஜுசெப்பேயும் யோசேப்புதான் என்பதால், தம் பெயருக்குரிய புனிதரையே காப்பியத் தலைவராக்கியிருக்கிறார் என்பதும் கவனிக்கத் தக்கது.

கேள்வி: ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த கோபி அன்னானின் பெயரில் உள்ள 'கோபி'க்கு என்ன பொருள்? (ஈரோடு வாசகர்)

பதில்: நம் ஊர்க் கோபியோடு அதைச் சேர்த்துப் பார்க்க வேண்டாம். அது 'கோஃபி', வெள்ளிக்கிழமை பிறந்த ஆண் என்று பொருள். கானாவின் அக்கான் மக்களிடையே ஒவ்வொரு குழந்தைக்கும் பிறந்த கிழமையால் ஒரு பெயர் தானாகவே அமைந்துவிடும். சனிக்கிழமை பிறந்த ஆண் குவாமே, பெண் அமா. வெள்ளிக்கிழமைப் பெண் அஃபுவா அல்லது எஃபுவா. அன்னான் பிறந்த 1938 ஏப்ரல் 8 வெள்ளிக்கிழமைதான். அவரோடு இரட்டையராகப் பிறந்த சகோதரியின் பெயர் எஃபுவா. இருவர் பெயரிலும் இடையே வரும் 'அட்டா' இரட்டைப் பிள்ளை என்பதைக் குறிக்கும்.

இந்தப் பெயர்கள் அடிமைக் கப்பல்களில் அட்லாண்டிக்கையும் கடந்தன. அமெரிக்காவின் மாசசூசெட்ஸில் 1759இல் பிறந்து, சொந்தக் கப்பல்களின் தலைவராக உயர்ந்த பால் கஃபியின் தந்தை கோஃபி என்ற பெயருடன் அடிமையாகக் கொண்டுவரப்பட்டவர். குடும்பத்துக்கு ஒட்டியிருந்த எசமானின் பெயரைக் களைந்துவிட்டு, தந்தையின் கிழமைப் பெயரையே மகன் குடும்பப் பெயராக ஏற்றுக்கொண்டார்.

அன்னானுக்கு முன்பு அதே பதவியில் 1961 முதல் 1971 வரை இருந்த பர்மாக்காரர் ஊ தாண்டும் வெள்ளிக்கிழமை பிறந்தவர். நாள் 1909 சனவரி 22. பர்மிய வழக்கில் கிழமை பெயராக வராது, முதலெழுத்தைத் தீர்மானிக்கும். வெள்ளிக்கு உரிய எழுத்துகளில் ஒன்று அவர் பெயரின் முதலெழுத்து. புதன்கிழமையை நண்பகலோடு இரண்டாகப் பிரித்துக்கொள்வதால் அவர்களுக்கு வாரத்தில் எட்டுப் பங்கு. 'ஊ' என்பது நம் 'திரு'வைப் போன்ற மரியாதைச் சொல். அவருடைய பெயர் வெறும் 'தாண்ட்' மட்டுமே.

கேள்வி: தாமஸ் என்ற பெயருக்குப் பொருள் உண்டா? (நாகர்கோவில் வாசகர்)

பதில்: உண்டு. அரமேய மொழியில் அதற்கும் இரட்டைப் பிள்ளை என்பதே பொருள். தமிழ் விவிலியத்தில் 'திதிமு என்னப்பட்ட தோமா' என்று வருவதைப் படித்திருப்பீர்கள். 'திதிமு' கிரேக்கத்தில் அதே பொருள் தரும் சொல். யாருடன் இரட்டையராகப் பிறந்தார் என்பதை நற்செய்தி நூல்கள் சொல்லவில்லை.

கேள்வி: கனடாவில் பிறந்த என் பேத்திக்கு வனெஸ்ஸா என்று பெயரிட்டிருக்கிறார்கள். கிரேக்கத்தில் வண்ணத்துப்பூச்சி என்று பொருளாம். சரிதானா? (திருச்சி வாசகி)

பதில்: பெயர்ப் பட்டியல் போடுகிறவர்கள் ஒருவரைப் பார்த்து ஒருவர் எழுதுவதால் பரவிய செய்தி இது. அந்தப் பெயரைப் படைத்தவர் ஆங்கில எழுத்தாளர் ஜோனதன் ஸ்விப்ட். எஸ்தர் வானம்ரி என்ற தம் தோழியின் குடும்பப் பெயரிலிருந்து 'வன்' என்பதையும், எஸ்தரின் செல்லப் பெயராகிய 'எஸ்ஸா'வையும் ஒட்டி, 1726இல் அச்சான ஒரு கவிதையில் அவரை வனெஸ்ஸா என்று அழைத்தார். பூச்சியியலாளர் ஃபாப்ரிசியஸ் ஒரு வண்ணத்துப்பூச்சிப் பேரினத்துக்கு அப்பெயரை இட்டது 1807இல். ஆகவே வண்ணத்துப்பூச்சிதான் பெண்ணின் பெயரை வாங்கிக்கொண்டிருக்கிறது. பேத்தியிடம் தாராளமாகச் சொல்லுங்கள் அம்மா.