கனவுத் தூபம்: வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: படுக்கும்முன் புகைத்தால் கனவில் நினைத்த ஊருக்கெல்லாம் போய்வரலாம் என்று ஒரு தூபம் விற்கிறார்கள். விலையும் அதிகம். அப்படி ஒன்று உண்டா? – வாசகி, கும்பகோணம்

பதில்: கதைகளில் உண்டு, கடையில் கிடையாது. என்னென்ன சேர்த்திருக்கிறார்கள் என்று எழுதாத டப்பாவுக்குக் காசைக் கொட்டாதீர்கள்.

ஆனால் புகைக்கும் கனவுக்கும் முடிச்சுப் போட்டவர்கள் பழைய எகிப்தில் நிஜமாகவே இருந்தார்கள். அவர்கள் புகைத்தது கிஃபி என்ற கூட்டுத் தூபம். காலையில் மரப்பிசின், உச்சிப்பொழுதில் வெள்ளைப்போளம், பொழுது சாய்ந்ததும் கிஃபி என்று வேளைக்கு ஒன்றாகப் புகைத்ததைக் கிரேக்க எழுத்தாளர் புளூட்டார்க் குறித்திருக்கிறார். கிஃபி மனப்பாரத்தைத் தளர்த்தும், தூக்கம் வரவழைக்கும், கனவைத் தெளிவாக்கும் என்பது அவர் கணக்கு. கி.மு. 237 – 57இல் கட்டிய எகிப்தின் எட்ஃபு கோயிலில் இதன் செய்முறையைச் சுவரிலேயே வெட்டி வைத்திருக்கிறார்கள்.

வாசனையால் கனவு மாறுமா என்றால், கொஞ்சம் மாறும். ஜெர்மனியின் மன்ஹைமில் 15 பெண்களைத் தூங்கவைத்துச் சோதித்து 2009இல் முடிவை வெளியிட்டார்கள். ரோஜா வாசனை காட்டியபோது கனவின் மனநிலை இனிமையாகவும், அழுகிய முட்டை நாற்றம் காட்டியபோது கசப்பாகவும் இருந்தது. கனவில் என்ன நடக்கும் என்பது வாசனைக்குக் கட்டுப்படவில்லை.

கேள்வி: கிஃபியை வீட்டில் செய்ய முடியுமா? அளவோடு சொல்லுங்கள். – வாசகர், திருநெல்வேலி

பதில்: முடியும். புளூட்டார்க் சொல்வதில் 16 சரக்குகள். அத்தனையும் தேடி அலைய வேண்டாம். கி.பி. முதல் நூற்றாண்டு மருத்துவர் டயாஸ்கோரிடிஸ் எழுதிய முறையில் பத்துதான், அளவும் இருக்கிறது. அவர் சொல்லும் மினா என்ற பழைய கிரேக்க எடை ஒன்றை 10 கிராமாகச் சுருக்கினால் நமக்கு இப்படி வரும்: விதையில்லா உலர்திராட்சை 120 கிராம், பிசின் 50, தேன் 20, வசம்பு, எலுமிச்சைப்புல், சந்தனத்தூள் தலா 10, வெள்ளைப்போளம் ஒரு கிராமுக்குச் சற்று மேல், கோரைக்கிழங்குப் பொடியும் ஜூனிபர் காய்ப் பொடியும் ஒவ்வொரு தேக்கரண்டி, பழைய ஒயின் சுமார் 110 மி.லி.

எலுமிச்சைப்புல் மூலத்தில் உள்ள புல்லின் நெருங்கிய சொந்தம். சந்தனம் சேர்ப்பது ஆஸ்பலாத்தஸ் என்ற சரக்குக்குப் பதிலாக. அது எந்தச் செடி என்பதில் ஆய்வாளர்களுக்குள் இன்னும் ஒற்றுமை இல்லை. பிசினுக்கு 40 கிராம் குந்துருக்கமும் 10 கிராம் ரூமி மஸ்தகியும் போடுங்கள், இரண்டும் எட்ஃபு பட்டியலில் உள்ளவை. ஜூனிபர் காயும் ஒயினும் தவிர மற்றதெல்லாம் பெரிய நாட்டு மருந்துக் கடையில் சொல்லிவைத்தால் கிடைக்கும்.

திராட்சையை அம்மியில் அரைத்து, வெள்ளைப்போளத்தோடு ஒயினில் கலக்குங்கள். வசம்பு, கோரைக்கிழங்கு, புல், காய், சந்தனப் பொடிகளைச் சலித்துச் சேர்த்து, மூடி ஒரு நாள் முழுக்க ஊறவிடுங்கள். மறுநாள் துணியில் வைத்து மீந்த ஒயினைப் பிழிந்துவிடுங்கள். இதைச் செய்யாவிட்டால் உருண்டை பிடிக்கவே வராது. தேனை அடிகனமான, உயரமான பாத்திரத்தில் சிறு தீயில் காய்ச்சுங்கள். பொங்கும், பக்கத்திலேயே நில்லுங்கள். ஒரு சொட்டைத் தண்ணீரில் விட்டால் கரையாமல் உருள வேண்டும். அந்தப் பதத்தில் இறக்கி, பிசின் பொடியைக் கொட்டிக் கிளறி, ஊறிய விழுதோடு சேர்த்து இடியுங்கள். சுண்டைக்காய் அளவு உருட்டி நிழலில் காயவையுங்கள். ஒரு மாதமாவது ஆகும்.

பிசினை மிக்சியில் அப்படியே போட்டால் சூட்டில் இளகிப் பிளேடில் ஒட்டிக்கொள்ளும், பிறகு சுரண்டிக்கொண்டே இருக்க வேண்டியதுதான். அரை மணி நேரம் ஃப்ரீசரில் வைத்துச் சிறு உரலில் இடித்தால் மணல்போல் உதிரும்.

கேள்வி: செய்து பார்த்தேன். புகைத்தால் கருகிய வெல்லம் மாதிரி நாறுகிறது. சில உருண்டைகளில் பூஞ்சையும் பூத்துவிட்டது. – வாசகி, யாழ்ப்பாணம்

பதில்: நாற்றத்துக்குக் காரணம் நேரடி நெருப்பு. கிஃபியில் பாதிக்கு மேல் திராட்சையும் தேனும். சிவந்த கரியின் மேல் வைத்தால் பிசின் மணப்பதற்குள் சர்க்கரை கருகிவிடும். கரி மேல் சலித்த சாம்பலை அரை விரல்கடை உயரம் மூடி, அதன் மேல் ஒரு மைக்காத் தகடு வைத்து, உருண்டையை மிளகளவு கிள்ளி வையுங்கள். புகை தெரியாமல் வாசனை மட்டும் எழும்பினால் சூடு சரி. நீலப் புகை வந்தால் சாம்பலைக் கூட்டுங்கள்.

பூஞ்சைக்குக் காரணம் தேன் பதம் பத்தாதது, இல்லாவிட்டால் ஒயின் சரியாகப் பிழியப்படாதது. மழைக்காலத்தில் ஆரம்பிப்பதும் வம்பு. பூத்த உருண்டையைச் சுரண்டிப் புகைக்க வேண்டாம், எறிந்துவிடுங்கள்.

கேள்வி: கனவு வர வேண்டுமென்றால் விடிய விடியப் புகைய வேண்டாமா? – வாசகர், ஈரோடு

பதில்: கூடவே கூடாது. எரியும் கரி கார்பன் மோனாக்சைடைக் கக்கும், அதற்கு வாசனையே கிடையாது. வாசனை உள்ள புகையும் தூங்குகிறவரைச் சரியாக எழுப்பாது. 2004இல் வெளியான அமெரிக்க ஆய்வொன்றில் புதினா மணத்தையும் பிரிடின் என்ற கெட்ட நாற்றத்தையும் காட்டிப் பார்த்தார்கள். ஆழ்ந்த தூக்கத்திலும் கனவுத் தூக்கத்திலும் இருந்தவர்கள் பெரும்பாலும் அசையவில்லை.

படுப்பதற்கு அரை மணி முன்பு, சன்னலைத் திறந்து வைத்துப் பத்து நிமிடம் புகையுங்கள். பிறகு தூபக்காலை வெளியே கொண்டுபோய் மணலில் கரியைப் புதைத்துவிடுங்கள். துணியிலும் திரையிலும் ஒட்டிய வாசனை போதும். ஆஸ்துமா உள்ளவர், கைக்குழந்தை, கூண்டுப் பறவை இருக்கும் வீட்டில் இதுவும் வேண்டாம்.

கேள்வி: எகிப்தியர் கிஃபியைக் குடித்தார்களாமே? – வாசகர், மதுரை

பதில்: மருந்தாகக் குடித்ததுண்டு. வீட்டில் செய்ததை நீங்கள் குடிக்காதீர்கள். தூபத்துக்கு விற்கும் பிசின் வாய்க்குள் போகும் சுத்தத்தில் வருவதில்லை, வசம்பும் பத்து கிராம் அளவில் சங்கதியே வேறு.

கேள்வி: கரி பற்றவைக்கச் சோம்பல். கம்ப்யூட்டர் சாம்பிராணி மேல் வைக்கலாமா? – வாசகி, சேலம்

பதில்: அதற்கென்று ஒரு வாசனை உண்டு, கிஃபி அதில் அமுங்கிப்போகும். தீக்குச்சி காட்டியதும் பொரிந்து பற்றும் கரி வில்லையும் அப்படித்தான்: அதில் கலந்த வெடியுப்பின் நெடி அடங்கக் காத்திருக்க வேண்டும். கொட்டாங்குச்சிக் கரித்துண்டு ஒன்றை அடுப்பில் காட்டி, மேலே வெள்ளைச் சாம்பல் பூத்தபின் எடுத்துக்கொள்ளுங்கள்.