லட்சணமும் லாயக்கும் – ஒரு கடிதம்

அன்புள்ள ஐயா,

வணக்கம். பெயர் போட வேண்டாம் என்று முதலிலேயே கேட்டுக்கொள்கிறேன்.

போன மாதம் முதன்முறையாக இன்டர்வியூவில் கேள்வி கேட்கும் பக்கம் உட்கார்ந்தேன். குழுத் தலைவர் பணி. பேனலில் மூன்று பேர், நான் ஒருத்திதான் பெண். கடைசிச் சுற்றுக்கு வந்தவர்கள் இருவர். ஒருவர் ஆண், பார்க்க ஜம்மென்று இருந்தார். மற்றவர் பெண், அவரும் நல்ல அழகு. பதில் சொன்னதில் அந்தப் பெண் ஒரு படி மேல். ஆனால் அவர் வெளியே போனதும் பக்கத்தில் இருந்தவர், "இவங்க சொன்னா டீம் கேக்குமா? சும்மா ஷோவுக்குத்தான் சரி" என்றார். நான் மறுத்துப் பேசவில்லை. என் தாளில் 'அனுபவம் போதாது' என்று எழுதினேன். வேலை அந்த ஆணுக்குப் போயிற்று. ராத்திரி படுத்த பிறகுதான் உறைத்தது, அவருக்கு அந்தப் பெண்ணைவிட ஒரு வருடம் அனுபவம் குறைவு.

அழகாக இருந்தால், அதிலும் பெண்ணாக இருந்தால், வேலை தானாக வந்து விழும் என்றுதானே எல்லோரும் சொல்கிறார்கள்? நான் பார்த்தது நேர்மாறாக இருக்கிறதே. ஒரு பெண்ணாக இருந்துகொண்டு நானே எப்படி அப்படி எழுதினேன்? எங்கள் மேலாளரோ, "வாடிக்கையாளர் முகம் பார்த்துத்தானே பேசுறார், நாமும் பார்த்தால் என்ன தப்பு" என்கிறார். அதற்கும் பதில் தெரியவில்லை.

ஒரு வாசகி

அன்புள்ள வாசகிக்கு,

'அனுபவம் போதாது' என்ற அந்த இரண்டு சொல்லில்தான் நான் நின்றுவிட்டேன். பக்கத்தில் இருந்தவர் சொன்னதை நீங்கள் எழுதவில்லை, கவனித்தீர்களா? 'டீம் கேட்காது' என்று தாளில் எழுதக் கூச்சமாக இருந்திருக்கும். கௌரவமான ஒரு காரணம் தேவைப்பட்டது, கை அதைக் கண்டுபிடித்துக் கொடுத்துவிட்டது. ஆள் எடுப்பதில் நடக்கும் அநியாயத்தில் பெரும்பகுதி இப்படித்தான் நடக்கிறது என்பது என் எண்ணம். முடிவு முன்னால் போய்விடும். காரணம் பின்னால் மூச்சிரைக்க ஓடி வரும்.

இதை ஏறக்குறைய அப்படியே ஆய்வில் பிடித்துக் காட்டியிருக்கிறார்கள். எரிக் உல்மன், ஜெஃப்ரி கோஹன் என்ற இருவர் 2005-ல் வெளியிட்டது. காவல்துறைத் தலைவர் பதவிக்கு ஓர் ஆணும் ஒரு பெண்ணும் விண்ணப்பிப்பதாக வைத்துக்கொண்டார்கள். ஒருவருக்குப் படிப்பு அதிகம், மற்றவருக்குத் தெருவில் இறங்கி வேலை பார்த்த அனுபவம் அதிகம். படிப்பு ஆணிடம் இருந்தபோது, மதிப்பிட்டவர்கள் படிப்புக்கு அதிக எடை கொடுத்தார்கள். அதே படிப்பு பெண்ணிடம் இருந்தபோது அந்த எடை இறங்கிவிட்டது. பெண் வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. பெண்ணின் தகுதியைக்கூடக் குறைத்துச் சொல்லவில்லை. தராசில் படிக்கல்லைத்தான் மாற்றினார்கள். நீங்கள் 'அனுபவம்' என்ற கல்லை எடுத்துப் போட்டது போல.

நானும் இதில் சுத்தமானவன் இல்லை. பல வருடங்களுக்கு முன் ஓர் அலுவலகத்துக்காக ஆள் எடுத்தபோது நடந்தது. கதவைத் திறந்து ஓர் இளைஞர் வந்தார். நல்ல உயரம், தெளிவான முகம். அவர் நாற்காலியை இழுத்து உட்காருவதற்குள் 'ஆளுமை' என்ற கட்டத்தில் 8 போட்டுவிட்டேன். அவர் இன்னும் வணக்கமே சொல்லியிருக்கவில்லை. அந்த 8 அங்கேயே நின்றிருந்தால்கூடப் பரவாயில்லை. பக்கத்துக் கட்டமான 'துறை அறிவு'க்கு முதலில் 5 போட்டவன், 8-ஐப் பார்த்துவிட்டு அதை 7 ஆக்கினேன். பென்சிலால் 5-ஐ 7 ஆக்க முடியாது, அழிக்க வேண்டும். அழித்தேன்.

எட்வர்ட் தார்ன்டைக் என்ற உளவியலாளர் 1920-லேயே இதை எழுதிவிட்டார். ராணுவ அதிகாரிகள் தங்கள் கீழிருப்பவர்களுக்கு உடற்கட்டு, அறிவு, தலைமைப் பண்பு, குணம் என்று தனித்தனியாக மதிப்பெண் போட்டார்கள். பார்த்தால் எல்லாம் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு சேர்ந்தே ஏறின, சேர்ந்தே இறங்கின. ஒரு மனிதரைப் பற்றி ஒட்டுமொத்தமாக ஓர் எண்ணம் விழுந்துவிட்டால், அது ஒவ்வொரு கட்டத்துக்குள்ளும் ஒழுகிவிடுகிறது. 1972-ல் கேரன் டயனும் சகாக்களும் வெறும் புகைப்படங்களைக் காட்டிக் கேட்டார்கள். அழகான முகத்துக்காரர்களுக்கு நல்ல குணம், நல்ல வேலை, நல்ல மணவாழ்க்கை எல்லாம் அமையும் என்று பார்த்தவர்கள் தாராளமாக வழங்கினார்கள். நாம் 'அகத்தின் அழகு முகத்தில் தெரியும்' என்கிறோமே, அதைப் பின்பக்கமாகப் படிக்கிறோம். முகத்தைப் பார்த்து அகத்தை எழுதிக்கொள்கிறோம்.

இனி உங்கள் முக்கியமான கேள்வி. அழகுக்கு எல்லா இடத்திலும் ஒரே விலை கிடையாது. மேடலின் ஹெய்ல்மனும் லோயிஸ் சருவதாரியும் 1979-ல் கண்டது இது: அழகான ஆணுக்கு எழுத்தர் வேலையிலும் அனுகூலம், மேலாளர் வேலையிலும் அனுகூலம். அழகான பெண்ணுக்கு எழுத்தர் வேலையில் மட்டும்தான். மேலாளர் நாற்காலி என்று வந்ததும் அந்த அழகே குறுக்கே நின்றது. காரணம் எளிது. அழகு ஓர் ஆணை இன்னும் 'ஆணாக'க் காட்டுகிறது, பெண்ணை இன்னும் 'பெண்ணாக'. அதிகாரம் ஆணுடையது என்று அடிமனதில் வைத்திருப்பவருக்கு, அழகான பெண் அந்த நாற்காலியிலிருந்து இன்னும் ஓர் அடி தள்ளித் தெரிவார். "சும்மா ஷோவுக்குத்தான் சரி" என்பது இதன் பேச்சு வழக்கு.

ஆனால் இதைப் பிடித்துக்கொண்டு 'அழகு பெண்ணுக்குச் சாபம்' என்று ஆரம்பித்துவிட வேண்டாம். 2003-ல் அதுவரை வந்த ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது, மொத்தத்தில் தோற்றம் இருபாலருக்குமே உதவுகிறது என்றுதான் வந்தது. இதில் நமக்கு உறுத்த வேண்டியது வேறொன்று: ஆள் எடுப்பதையே தொழிலாகக் கொண்டவர்களும், ஆய்வுக்காக மதிப்பெண் போட்ட கல்லூரி மாணவர்கள் அளவுக்கே சாய்ந்தார்கள். அனுபவம் இங்கே கவசம் ஆகவில்லை.

இஸ்ரேலில் ரஃபிள், ஷ்டுடினர் என்ற இருவர் 2,656 காலியிடங்களுக்கு 5,312 விண்ணப்பங்களை ஜோடி ஜோடியாக அனுப்பிப் பார்த்தார்கள். ஜோடியில் ஒன்றில் புகைப்படம் இருக்கும், மற்றதில் இருக்காது. லட்சணமான ஆண்களுக்கு அழைப்பு கூடியது. பெண்களுக்கோ புகைப்படமே வைக்காத விண்ணப்பத்துக்குத்தான் அதிக அழைப்பு. அழகான படம், சாதாரணப் படம் இரண்டுமே அதற்குக் கீழே. விண்ணப்பங்களைப் பிரித்துப் பார்ப்பவர்களில் பெரும்பாலோர் பெண்கள், பொறாமைதான் காரணம் என்று ஆய்வாளர்கள் விளக்கினார்கள். செய்தியில் இதைத்தான் எல்லோரும் தூக்கிப் போட்டார்கள், பெண்ணுக்குப் பெண்ணே எதிரி என்ற பழைய பாட்டுக்கு இது தோதாக இருந்ததால். எனக்கு அந்த விளக்கத்தில் சம்மதம் இல்லை. அறிவியல் துறைப் பேராசிரியர்கள் 127 பேருக்கு ஆய்வக மேலாளர் பணிக்கான ஒரே விண்ணப்பத்தை, சிலருக்கு ஆண் பெயரில், சிலருக்குப் பெண் பெயரில் அனுப்பிய 2012-ம் வருட ஆய்வு இருக்கிறது. ஆண் பெயருக்குச் சராசரியாக 30,238 டாலர் சம்பளம் தரலாம் என்றார்கள், பெண் பெயருக்கு 26,508. பெண் பேராசிரியர்களும் ஆண்களைப் போலவேதான் நடந்துகொண்டார்கள். அங்கே பொறாமைப்பட முகமே கிடையாது. நாம் வளர்ந்த இடத்துக் காற்றையே எல்லோரும் சுவாசிக்கிறோம். உங்கள் கையும் அதைத்தான் எழுதியது. அதற்காக உங்களை நீங்களே நொந்துகொள்வதில் யாருக்கும் லாபம் இல்லை.

"அழகு வேறு, தன்னம்பிக்கை வேறு. நான் தன்னம்பிக்கைக்குத்தான் மார்க் போடுகிறேன்" என்று ஒருவர் உங்களிடம் வாதிடலாம். மோபியஸ், ரோசன்பிளாட் என்ற பொருளியல் ஆய்வாளர்கள் இருவர் 2006-ல் இதைச் சோதித்தார்கள். சிக்கலான வழிப்புதிர்களைத் தீர்க்கும் வேலை. அழகானவர்கள் மற்றவர்களைவிட ஒன்றும் வேகமாகத் தீர்க்கவில்லை. ஆனால் தீர்ப்போம் என்று அதிகமாக நம்பினார்கள், சம்பளம் நிர்ணயித்தவர்களும் நம்பினார்கள். தொலைபேசியில் குரல் மட்டும் கேட்டவர்கள்கூட அவர்களுக்கு அதிகம் கொடுத்தார்கள். சின்ன வயதிலிருந்து முகத்தைப் பார்த்துப் புன்னகைக்கப்பட்டவர் குரலில் தயக்கம் இருக்காது. தன்னம்பிக்கை என்று நாம் போடும் மார்க்கில் ஒரு பங்கு, யாரோ எப்போதோ அந்த முகத்துக்குக் கொடுத்த சலுகையின் வட்டி.

உங்கள் மேலாளருக்கு ஒரு பதில்தான். 1994-ல் ஹேமர்மெஷ், பிடில் என்ற பொருளியல் ஆய்வாளர்கள் இருவர் கணக்கிட்டபோது, பார்க்கச் சுமாராக இருப்பவர்கள் சராசரித் தோற்றக்காரர்களைவிட 5 முதல் 10 சதவீதம் குறைவாகச் சம்பாதித்தார்கள். ஆண்களுக்கும் இந்த அடி குறைவில்லை. முகம் காட்டும் வேலையோ, முகமே காட்டாத வேலையோ, வித்தியாசம் பெரிதாக மாறவில்லை. வாடிக்கையாளர் தலையில் பழியைப் போட அவ்வளவாக இடம் இல்லை.

என்ன செய்யலாம்? உல்மன், கோஹன் ஆய்வின் கடைசிப் பகுதியில் ஒரு வழி இருக்கிறது. விண்ணப்பித்தவர் ஆணா பெண்ணா என்று தெரிவதற்கு முன்பே எது முக்கியம் என்று மதிப்பிட்டவர்களிடம் எழுதி வாங்கிவிட்டார்கள். பாரபட்சம் காணாமல் போயிற்று. அடுத்த முறை விண்ணப்பக் கட்டைப் பிரிக்கும் முன், அனுபவத்துக்கு எத்தனை, பதிலுக்கு எத்தனை என்று மூவரும் எழுதிக் கையெழுத்துப் போடுங்கள். எல்லோருக்கும் ஒரே கேள்விகள். மார்க்கைப் பேனாவால் போடுங்கள், பென்சில் வேண்டாம். வந்தவர் வெளியே போனதும் யாரும் வாயைத் திறக்கக் கூடாது, மூவர் தாளும் மேசைக்கு வரும் வரை. பக்கத்தில் இருந்தவரின் ஒரு வாக்கியம்தானே உங்கள் தாளை மாற்றியது.

'ஆளுமை' கட்டம் உங்கள் தாளிலும் இருந்தால், அதை எடுத்துவிடச் சொல்லுங்கள். எடுக்க மாட்டோம் என்றால், அதன் கீழே என்ன பார்த்தோம் என்று ஒரு வரி எழுத வேண்டும் என்று கேளுங்கள். என் 8-க்குக் கீழே எழுத என்னிடம் ஒரு வரியும் இருந்திருக்காது.

வேலைக்குச் சேர்ந்துவிட்டவரை இனி ஒன்றும் செய்ய முடியாது, செய்யவும் வேண்டாம். அந்தப் பெண்ணின் விண்ணப்பம் இன்னும் கோப்பில் இருக்குமே. அடுத்த இடம் காலியாகும்போது அதை வெளியே எடுத்து வைப்பது உங்களால் முடிகிற காரியம்தான்.