பதிவு கூடுதல் நேரத்தில் நின்றுபோனது ஏன்?

கால்பந்துக் காலிறுதியை 2 மணி நேரத்துக்குப் பதிவு வைத்தீர்கள், 1-1 என்ற நிலையில் கூடுதல் நேரம் தொடங்கியதுமே நின்றுவிட்டது என்கிறீர்கள். செட்-டாப் பெட்டியில் கோளாறு இல்லை. வைத்த நேரம்தான் போதவில்லை.

கணக்கு இப்படி. 90 நிமிட ஆட்டம், 15 நிமிட இடைவேளை, இரு பாதிகளிலும் ஆட்டம் நின்றதை ஈடுசெய்யும் நேரம் சேர்ந்து 10 முதல் 15. அதற்கே 2 மணி நேரம் ஆகிவிடும். சமநிலை என்றால் சுமார் 5 நிமிட ஓய்வு, பிறகு 15+15 நிமிடக் கூடுதல் நேரம், அதிலும் ஈடுசெய்யும் நேரம் உண்டு. பெனால்டி வந்தால் நாணயச் சுண்டலோடு சேர்த்து இன்னும் 15. ஐந்தைந்து உதையிலும் முடிவு வராவிட்டால் அது நீளும். ஆகவே நாக்அவுட் (தோற்றால் வெளியேற வேண்டிய) ஆட்டம் எதுவானாலும் 3 மணி 15 நிமிடம் வையுங்கள். இறுதிப் போட்டிக்குக் கோப்பை வழங்குவதையும் பார்க்க வேண்டுமென்றால் 4 மணி நேரம். 2022 உலகக் கோப்பை இறுதி ஆட்டம் 3-3 ஆகிப் பெனால்டி வரை போனதே!

நிகழ்ச்சிப் பட்டியலில் உள்ள முடிவு நேரத்தை நம்பாதீர்கள், கையால் மாற்றுங்கள். அடுத்த நிகழ்ச்சிக்கும் பதிவு வைத்திருந்தால் முதலில் அதை நீக்குங்கள். சில பெட்டிகள் அதற்காக இதை வெட்டிவிடும்.

முடிவு தெரியாமல் பார்க்க விரும்பினால் இன்னொன்று: ஆப்பில் மறுஒளிபரப்பு பார்க்கும்போது காணொளியின் மொத்த நீளமே கூடுதல் நேரம் உண்டா என்று காட்டிக்கொடுக்கும். நீங்களே நேரம் குறித்து வைத்த பதிவில் அந்தத் தொல்லை இல்லை.